இறந்தவர் இல்லாத சிற்பம்: துயரும் கலையும் குறித்து ஓர் ஆய்வு

நெருங்கியவரைச் சாவுக்குப் பறிகொடுத்த கலைஞர் அந்த இழப்பையே பொருளாக எடுத்துக்கொண்டு படைக்கும் ஓவியம், சிற்பம், அச்சுப்படம், தையல் வேலை ஆகியவற்றைக் கலை வரலாற்றாசிரியர் ஒரு நோக்கிலும் உளவியலாளர் வேறொரு நோக்கிலும் ஆராய்ந்து வந்திருக்கின்றனர். முன்னவருக்குப் படைப்பின் வடிவமே முதன்மையானது. பின்னவருக்கோ படைப்பு படைத்தவரின் மனநிலைக்குச் சான்று. ஒரு துறையின் முடிவை மற்றொன்றின் முடிவோடு வைத்துப் பார்ப்பது அரிதாகவே நடந்திருப்பதால், இரண்டுக்கும் இடையே கிடக்கும் பரப்பைக் 'கலை மனத்துக்கு ஒரு வடிகால்' என்னும் எளிய நம்பிக்கை கைப்பற்றிக்கொண்டது. உள்ளே தேங்கியதைக் கொட்டிவிட்டால் பாரம் குறையும் என்பதே அதன் சாரம். ஆனால் துயரத்தில் பிறந்து, படைத்தவரைக் கடந்து பலருக்கும் பயன்பட்ட படைப்புகளை எடுத்து ஆராய்ந்தால், அவற்றில் கொட்டப்பட்டதைக் காட்டிலும் கழிக்கப்பட்டதே மிகுதி என்பது தெரியவருகிறது. தம் இழப்பிலிருந்து தமக்கு மட்டுமே உரிய கூறுகளை ஒவ்வொன்றாக நீக்கி, பிறருடைய இழப்பும் வந்து தங்கும்படி இடம் விட்டவர்களின் படைப்புகளே பெரும்பாலும் நிலைத்திருக்கின்றன. ஜெர்மானியக் கலைஞர் கேத்தே கோல்விட்ஸின் (1867–1945) வாழ்வும் பணியும் இதற்கு விரிவான சான்று தருவதால் அவரை நடுவில் வைத்து, அவருக்குப் பின் வெவ்வேறு நாடுகளில் இத்துறையில் நிகழ்ந்தவற்றை அவரோடு ஒப்பிடுவது இக்கட்டுரையின் நோக்கம்.

துக்கம் பற்றிய உளவியல் ஆய்வை, சிக்மண்ட் ஃபிராய்டு 1915-இல் எழுதி 1917-இல் வெளியிட்ட 'துக்கமும் மெலங்கோலியாவும்' என்னும் கட்டுரையிலிருந்து தொடங்குவது வழக்கம். துக்கத்தை அவர் ஒரு வேலையாகக் கண்டார்: இறந்தவர்மீது மனம் வைத்திருந்த பற்று, நினைவு நினைவாக, எதிர்பார்ப்பு எதிர்பார்ப்பாகக் கழற்றப்பட்டு, முடிவில் மனம் வேறொன்றைப் பற்றிக்கொள்ளும் விடுதலையைப் பெறுகிறது. இதையே துயர்ப்பணி என்பர். இக்கோட்பாட்டின்படி, முடிவுக்கு வராத துக்கம் நோயின் பக்கம் சாய்ந்துவிடுகிறது. கோட்பாட்டை வகுத்தவருக்கே அது கைகூடவில்லை என்பதை இத்துறையினர் அடிக்கடி சுட்டிக்காட்டுவர்; 1920-இல் மகள் சோஃபியை இழந்த ஃபிராய்டு, ஒன்பது ஆண்டுகள் கழித்து, மகனை இழந்திருந்த நண்பர் லுட்விக் பின்ஸ்வாங்கருக்கு எழுதிய மடலில், அந்த இடத்தை எது வந்து நிரப்பினாலும் அது வேறொன்றாகவே இருக்கும் என்றும், அப்படி இருப்பதே முறை என்றும் கருத்துப்பட எழுதினார். 1996-இல் டென்னிஸ் கிளாஸ், ஃபிலிஸ் சில்வர்மன், ஸ்டீவன் நிக்மன் ஆகிய மூவரும் தொகுத்த நூல் இந்த இரண்டாம் ஃபிராய்டின் பக்கம் நின்றது. இறந்தவரோடுள்ள உறவு அறுபடுவதில்லை, உருமாறித் தொடர்கிறது, அத்தொடர்ச்சி நோய்க்குறி அன்று என்பது அந்நூலின் வாதம். 'தொடரும் பிணைப்பு' என்று அது அறியப்படுகிறது. கோல்விட்ஸ் ஆய்வுகளில் இவ்விரு கருத்துகளும் மோதிக்கொள்வதைக் காணலாம்: பதினெட்டு ஆண்டுகள் ஒரே நினைவுச்சின்னத்தோடு போராடியவரை முதற்கோட்பாடு துக்கத்தில் சிக்கியவராகவும், இரண்டாவது கோட்பாடு உறவைப் பேணியவராகவும் காட்டும்.

கோல்விட்ஸ் கிழக்குப் பிரஷ்யாவின் கோனிக்ஸ்பெர்க் நகரில் பிறந்தவர். அரசுத் திருச்சபையிலிருந்து பிரிந்து தனிச் சபை கண்ட யூலியுஸ் ருப் அவருடைய தாய்வழிப் பாட்டனார். தாய் தம் முதலிரு பிள்ளைகளைப் பறிகொடுத்தவர். கேத்தேவுக்கு இளையவனான பெஞ்சமினும் குழந்தையாக இருக்கும்போதே மூளைச்சவ்வு அழற்சியால் இறந்தான். அந்நாள்களை நினைவுகூர்ந்து கோல்விட்ஸ் பிற்காலத்தில் எழுதிய குறிப்பில் ஒரு காட்சி இடம்பெறுகிறது: குடும்பம் உணவு மேசையில் அமர்ந்திருக்கிறது, தாய் சூப்பை அகப்பையால் மொண்டு பரிமாறிக்கொண்டிருக்கிறார், கதவைத் திறந்துகொண்டு வந்த தாதி குழந்தை மறுபடியும் வாந்தியெடுப்பதாகக் கூவுகிறாள், தாயின் கை ஒரு கணம் நின்று, மீண்டும் பரிமாறத் தொடங்குகிறது. எல்லார் முன்னிலையிலும் அழ மறுத்த அந்தத் தாயின் அடக்கம் மகளின் கலையில் எவ்வளவு தூரம் ஊடுருவியது என்பதை அளவிட்டுச் சொல்ல இயலாது எனினும், கோல்விட்ஸின் தாய்மார் பெரும்பாலும் வாய்விட்டு அலறாமல் வாயை மூடிக் குனிந்திருப்பவர்கள் என்பதை இதனோடு சேர்த்து நோக்குவதில் தவறில்லை.

1891-இல் மருத்துவர் கார்ல் கோல்விட்ஸை மணந்து பெர்லினின் வடபகுதித் தொழிலாளர் குடியிருப்பில் குடியேறிய அவர், கணவரிடம் வைத்தியத்துக்கு வந்த ஏழைப் பெண்களின் வாழ்வை வீட்டிலிருந்தபடியே கண்டார். பிள்ளையைச் சாகக்கொடுத்த தாய் என்னும் கருப்பொருள் தம் மகன் இறந்த பின்னரே அவரிடம் தோன்றியதாகக் கருதுவோர் 1903-ஆம் ஆண்டின் 'இறந்த குழந்தையுடன் பெண்' என்னும் படத்தைக் கணக்கில் எடுத்துக்கொள்வதில்லை. உலோகத் தகட்டில் அமிலத்தால் கோடுகளை அரித்து, அவற்றில் மையேற்றித் தாளில் பதிக்கும் முறையில் அமைந்த அப்படத்தில், சம்மணமிட்டு அமர்ந்த ஆடையற்ற தாய் இறந்த குழந்தையின் மார்பில் முகத்தைப் புதைத்து, விழுங்கிவிடுவதுபோல் அதை இறுக்கிக்கொண்டிருக்கிறாள். இதற்கு மாதிரியாகக் கோல்விட்ஸ் கண்ணாடி முன் அமர்ந்து, அப்போது ஏழு வயதான தம் இளைய மகன் பேட்டரைக் கையில் தாங்கித் தம்மையே வரைந்தார். அந்நிலையில் இருப்பதன் கடுமையால் அவர் முனகியபோது, படம் அழகாகவே வரும் என்று சிறுவன் அவரைத் தேற்றினான் என்பதும் பதிவாகியிருக்கிறது. வாழ்க்கை வரலாற்றாசிரியர்கள் இதை வரப்போவதன் முன்னறிகுறிபோல் எழுதுவதுண்டு. அது வெறும் கதைச்சுவை. கோல்விட்ஸ் துயரத்தை வரையக் கற்றது பிறர் வீட்டுச் சாவுகளிலிருந்து என்பதும், தம் வீட்டில் சாவு நேர்ந்தபோது அக்கல்வி அவருக்கு உடனடியாக உதவவில்லை என்பதுமே கவனிக்க வேண்டியவை.

1914 ஆகஸ்டில் போர் மூண்டபோது பேட்டருக்கு வயது பதினெட்டு. உரிய வயது நிரம்பாததால் தொண்டர்படையில் சேரத் தந்தையின் இசைவு தேவைப்பட்டது. கார்ல் மறுத்தார். மகன் தாயின் முகத்தைப் பார்க்க, தாய் மகனுக்காகப் பரிந்து பேசிக் கணவரை இணங்கவைத்தார். அக்டோபர் 22-க்கும் 23-க்கும் இடைப்பட்ட இரவில் பெல்ஜியத்தின் டிக்ஸ்மாய்டே அருகே பேட்டர் கொல்லப்பட்டான். எனவே கோல்விட்ஸின் துயரத்தில் குற்றவுணர்வும் கலந்திருந்தது என்று கூறுவது போதாது. அந்தத் துயரத்தின் உள்ளமைப்பே அதுதான். மகனின் சாவு வீண் என்று ஒப்புக்கொண்டால் தாம் அவனை வீணாக அனுப்பினோம் என்று ஆகும். வீண் அன்று என்று கொண்டால் போரை ஏற்க வேண்டும். போர் நீடித்த ஆண்டுகளில் எழுதப்பட்ட நாட்குறிப்பு, இவ்விரண்டுக்கும் இடையே அவர் ஊசலாடியதை மறைக்காமல் காட்டுகிறது. 1918 அக்டோபரில், எஞ்சியிருந்தோரையும் போர்முனைக்கு அழைத்த கவிஞர் ரிச்சர்ட் டேமலுக்கு மறுப்பாக அவர் 'ஃபோர்வெர்ட்ஸ்' நாளிதழில் வெளியிட்ட கடிதத்தில்தான் அந்த ஊசலாட்டம் வெளிப்படையாக ஒரு பக்கம் சாய்ந்து நின்றது.

நினைவுச்சின்னம் அமைக்கும் எண்ணம் மகன் இறந்து ஆறு வாரங்களுக்குள் பிறந்துவிட்டது. 1914 டிசம்பரில் அவர் குறித்துவைத்த முதல் திட்டத்தின்படி, பேட்டரின் உடல் நீட்டிக் கிடக்கும். தலைமாட்டில் தந்தையும் கால்மாட்டில் தாயும் இருப்பர். தொண்டர்களாகச் சென்று மடிந்த இளைஞர் அனைவருக்கும் உரியதாக அது பெர்லினின் ஹாவல் ஆற்றை நோக்கிய மேட்டில் நிற்கும். போர்க்கால நாட்டுப்பற்றின் சொல்லாடலுக்கு அத்திட்டம் முழுக்க இசைந்ததே. ஆண்டுகள் செல்லச் செல்ல அது அவர் கையில் நிற்கவில்லை. சில வேளைகளில் தாயும் தந்தையும் மகனைச் சுமந்தனர், சில வேளைகளில் பெற்றோர் தனித்தனியாயினர். 1919-இல் எல்லாவற்றையும் நிறுத்திவிட்டு, என்றேனும் திரும்பி வருவதாக உறுதி பூண்டு, அச்சுப் பணிக்குத் திரும்பினார்.

இடைப்பட்ட ஆண்டுகளில் நிகழ்ந்ததே இந்தப் படைப்பின் வரலாற்றில் மிகவும் வளமானது. 1920-இல் எர்ன்ஸ்ட் பார்லாக்கின் மரச்செதுக்கு அச்சுகளைக் கண்ட கோல்விட்ஸ், அதுவரை தமக்குப் பழக்கமில்லாத அம்முறைக்கு மாறினார். மரப்பலகையில் வெண்மையாக விட வேண்டிய இடங்களைக் குடைந்து நீக்கி, எஞ்சும் மேட்டில் மை தடவிப் பதிப்பது அந்த முறை. அமில அரிப்பில் சாத்தியமான மெல்லிய நிழல்களும் நுண்கோடுகளும் இதில் இடம்பெறுவது அரிது. முகபாவத்தின் நுட்பத்தைக் கைவிட்டுப் பெரிய கறுப்புத் திரள்களால் பேச வேண்டிய கட்டாயத்தை அவர் தாமே விரும்பி ஏற்றார். 1921–22-இல் உருவான 'போர்' என்னும் ஏழு அச்சுகளின் வரிசை அதன் விளைவு. படுகளக் காட்சி அதில் ஒன்றுகூட இல்லை. எதிரியும் இல்லை, ஆயுதமும் இல்லை. குழந்தையை உயர்த்திக் கொடுக்கும் தாய், சாவின் பின்னால் வெறியோடு செல்லும் இளைஞர், விதவைகள், பிள்ளைகளை அணைத்து வட்டமாக நிற்கும் தாய்மார் எனப் போரைப் பின்னால் இருப்போரின் பக்கத்திலிருந்து மட்டுமே அது காட்டுகிறது. 'பெற்றோர்' என்னும் அச்சில் தாயும் தந்தையும் மண்டியிட்டு ஒருவரோடொருவர் பிணைந்து, எங்கே ஓருடல் முடிந்து மற்றது தொடங்குகிறது என்று பிரித்தறிய முடியாத ஒரே மலைபோல் ஆகிவிடுகின்றனர். தந்தை கையால் முகத்தை மூடிக்கொள்கிறார்.

1920-களின் நடுவில் சிற்பத்துக்குத் திரும்பியபோது அவர் எடுத்த இரண்டு முடிவுகளும் இந்த அச்சோடு வைத்துப் பார்க்கத் தக்கவை. மகனின் உருவத்தை அடியோடு நீக்கினார் என்பது முதலாவது. பெற்றோரைப் பிரித்தார் என்பது இரண்டாவது. கறுங்கல்லில் செதுக்கப்பட்ட இறுதி வடிவில் தந்தையும் தாயும் தனித்தனிப் பீடங்களில் மண்டியிட்டிருக்கின்றனர். தந்தை நிமிர்ந்த உடம்போடு இரு கைகளாலும் தம்மைத் தாமே இறுக்கிக் கட்டிக்கொண்டு முன்னே நோக்குகிறார். போர்வை போர்த்திய தாய் முன்னால் சரிந்து தலை கவிழ்ந்திருக்கிறார். இருவருக்கும் இடையே வெறும் வெளி. முகச்சாயல் கார்லுடையதும் கேத்தேயினுடையதுமே. அச்சில் ஒருவரையொருவர் தாங்கிய தம்பதியர் கல்லில் ஏன் பிரிக்கப்பட்டனர் என்பதற்குப் பல விளக்கங்கள் கூறப்பட்டுள்ளன. துக்கத்தில் கணவனும் மனைவியும் ஒரே வேகத்தில் செல்வதில்லை என்பது அவற்றுள் ஏற்கத் தக்கது. அதைவிட வலுவான காரணம் இடத்தில் இருக்கிறது. இச்சிற்பம் காட்சிக்கூடத்துக்கென்று செய்யப்படவில்லை. ஆயிரக்கணக்கான கல்லறைகளின் எதிரே மண்டியிடுவதற்கென்று செய்யப்பட்டது. பிணைந்த தம்பதியர் ஒருவருக்கொருவர் போதுமானவர்கள், அவர்களுக்கு எதிரே எதுவும் தேவையில்லை. பிரிந்து முன்நோக்கி இருப்போருக்கோ எதிரே கிடப்பவர்களே மையம். கல்லில் இல்லாத மகனின் இடத்தில் அந்த மயானமே வந்து அமைகிறது.

மாதிரி வடிவங்கள் 1931-இல் பிரஷ்யக் கலைக் கழகத்தின் கண்காட்சியில் வைக்கப்பட்டன. 1919-இல் அக்கழகம் தேர்ந்தெடுத்த முதல் பெண் உறுப்பினர் கோல்விட்ஸே. 1932 ஜூலையில் பெல்ஜியத்தின் ரோக்கெவெல்டே இடுகாட்டில் கற்சிற்பங்கள் நிறுவப்பட்டன. தம் முகச்சாயல் கொண்ட கல்லின் எதிரே நின்று அழுது அதன் கன்னத்தைத் தடவியதையும், கார்ல் பின்னால் நின்றதையும் கோல்விட்ஸ் குறித்துவைத்திருக்கிறார். 1950-களின் நடுவில் சிதறிக்கிடந்த ஜெர்மானிய இடுகாடுகள் ஒன்றாக்கப்பட்டபோது பேட்டரின் எச்சமும் சிற்பங்களும் விலாட்ஸ்லோவுக்கு மாற்றப்பட்டன. அங்கே 25,000-க்கும் மேற்பட்டோர் புதைக்கப்பட்டிருக்கின்றனர். தரையோடு பதித்த ஒவ்வொரு கல்லிலும் பலருடைய பெயர்கள் சேர்ந்தே பொறிக்கப்பட்டிருக்கின்றன. பேட்டரின் பெயருள்ள கல் தந்தையின் பார்வைக்கு எதிரே இருக்கிறது என்றாலும், தெரிந்து தேடுவோர் தவிர மற்றவர் அதைக் கண்டுகொள்வதில்லை.

ஒருவரின் துக்கத்தைத் தாங்க உருவாக்கிய படம் முன்பின் அறியாத இன்னொருவரின் துக்கத்தையும் தாங்கக்கூடும் என்பதற்குச் சீனத்திலிருந்து ஒரு சான்று கிடைக்கிறது. 1931 பிப்ரவரியில் இளம் எழுத்தாளர் ரோ ஷி ஷாங்காயில் கோமிந்தாங் அரசால் கொல்லப்பட்டபோது, அச்செய்தியை வெளிப்படையாக எழுத வழியில்லாதிருந்த சீன எழுத்தாளர் லூ சுன், 'போர்' வரிசையின் முதல் அச்சான 'பலி'யை 'பெய்தோ' இதழில் வெளியிடச் செய்தார். ரோ ஷியின் தாய் கண் பார்வை இழந்தவர், மகன் இன்னும் ஷாங்காயில் மொழிபெயர்த்துக்கொண்டிருப்பதாகவே எண்ணியிருப்பவர் என்பது லூ சுன்னின் மனத்தில் இருந்தது. குழந்தையை ஏந்திய அந்தத் தாயின் படம் பெயரைச் சொல்லாமலே இரங்கல் செய்தியாயிற்று. 1936-இல் அவர் கோல்விட்ஸின் அச்சுகளைத் தனித் தொகுப்பாகவும் பதிப்பித்தார். இந்தியாவில் 1943-ஆம் ஆண்டு வங்கப் பஞ்சத்தைக் கண்டு வரைந்த சித்தபிரசாத், சோம்நாத் ஹோர் ஆகியோரிடமும் இத்தாக்கம் உண்டு. ஹோர் 1970-களில் தாள்கூழின் வெண்பரப்பில் நிறமே இன்றிக் கீறலும் குழிவுமாக உருவாக்கிய 'காயங்கள்' வரிசை, மனித உருவத்தையும் துறந்து தழும்பை மட்டும் விட்டுவைத்த அளவில், ஆசிரியரை விஞ்சிய மாணவரின் வேலை எனலாம்.

எல்லா இடமாற்றமும் இப்படி வாய்ப்பதில்லை. 1937 அக்டோபர் 22 அன்று, அதாவது மகன் இறந்த நாளில், கோல்விட்ஸ் தாம் செய்துவந்த சிறு சிற்பம் பியெத்தா போன்று ஆகிவிட்டதாக நாட்குறிப்பில் எழுதினார். சிலுவையிலிருந்து இறக்கிய இயேசுவை மரியாள் மடியில் தாங்கும் காட்சிக்குக் கிறித்தவக் கலையில் பியெத்தா என்று பெயர். நாஜி ஆட்சி அவரைக் கலைக் கழகத்திலிருந்து வெளியேற்றிவிட்ட காலம் அது. சுமார் 38 செ.மீ. உயரமே உள்ள அந்த வெண்கலத்தைப் பன்மடங்கு பெருக்கி, 1993-இல் ஜெர்மானிய அரசு பெர்லினின் 'நோயே வாகே' மண்டபத்தில் போருக்கும் கொடுங்கோன்மைக்கும் பலியானோருக்கான தேசிய நினைவிடமாக வைத்தது. வரலாற்றாசிரியர் ரைன்ஹார்ட் கோசெல்லெக் உள்ளிட்டோர் இதைக் கடுமையாக எதிர்த்தனர். கிறித்தவ வடிவம் யூதர்களை வெளியே நிறுத்துகிறது, எஞ்சியிருக்கும் தாயை மட்டும் காட்டுவது கொல்லப்பட்ட பெண்களை மறைக்கிறது, கொன்றவரையும் கொல்லப்பட்டவரையும் ஒரே துக்கத்துக்குள் அடக்குகிறது என்பன அவர்களுடைய வாதங்கள். பலியான குழுக்களைப் பெயர் சுட்டிக் கூறும் பலகை வாயிலில் சேர்க்கப்பட்டதோடு பூசல் தணிந்தது. மண்டபத்தின் நடுவே மேற்கூரைத் துளையின் கீழ் அச்சிற்பம் அழகாகவே இருக்கிறது; ஆனால் எதிர்ப்பாளர் கூறியதில் உண்மை உண்டு. ஒரு தாய் கைக்கடக்கமாகச் செய்து பார்த்த நினைவை அரசு தன் குரலாக்கிக்கொள்ளும்போது, பிறருக்கென விடப்பட்ட இடத்தை அரசே நிரப்பிவிடுகிறது.

இத்தகைய பணி துயருற்றவரை ஆற்றுகிறதா என்னும் வினாவுக்கு மருத்துவ ஆய்வு தரும் விடை எதிர்பார்ப்பதைவிட அடக்கமானது. கலைவழிச் சிகிச்சைக்கு ஆங்கிலத்தில் வழங்கும் பெயரை உருவாக்கியவர், காசநோய் மருத்துவமனையில் தாமே நோயாளியாக இருந்து வரைந்த பிரித்தானிய ஓவியர் ஏட்ரியன் ஹில்; ஆண்டு 1942. மனக்காயத்தைச் சில நாள்கள் தொடர்ந்து எழுதினால் உடல்நலம் மேம்படுகிறது என்று 1986-இல் ஜேம்ஸ் பென்னிபேக்கரும் சாண்ட்ரா பீலும் வெளியிட்ட ஆய்வு பெரும் நம்பிக்கையை ஊட்டியது. ஆனால் அதே முறையைக் கணவனையோ மனைவியையோ இழந்தவரிடம் சோதித்து மார்கரெட் ஸ்ட்ரோப் குழுவினர் 2002-இல் வெளியிட்ட ஆய்வில், எழுதியோருக்கும் எழுதாதோருக்கும் குறிப்பிடத்தக்க வேறுபாடு காணப்படவில்லை. ஸ்ட்ரோப்பும் ஹெங்க் ஷூட்டும் 1999-இல் முன்வைத்த 'இருபாதை' விளக்கம் இதற்குப் பொருத்தமான காரணத்தைத் தருகிறது. துயருற்றவர் இழப்பின் பக்கமும் அன்றாட வாழ்வை மீட்டமைக்கும் பக்கமும் மாறிமாறிச் செல்கின்றனர் என்பதும், அந்த மாற்றமே அவர்களைக் காக்கிறது என்பதும் அவ்விளக்கம். கோல்விட்ஸ் சிற்பத்தை மூடி வைத்த ஆண்டுகளைத் தோல்வியாக எண்ணுவோருக்கு இது நல்ல மறுமொழி. களிமண்ணை ஈரத்துணியால் போர்த்திவிட்டு, பசித்த குழந்தைகளுக்காகச் சுவரொட்டி வரையப் போனதும் துக்கத்தின் வேலையே.

கோல்விட்ஸுக்குப் புதைத்த இடம் தெரியும். சாவே மறுக்கப்படும் இடத்தில் கணக்கு மாறுகிறது. 1973-ஆம் ஆண்டு இராணுவக் கவிழ்ப்புக்குப் பின் சிலி நாட்டில் ஆயிரத்துக்கும் மேற்பட்டோர் பிடித்துச் செல்லப்பட்டுக் காணாமற்போயினர். அவர்களுடைய தாய்மாரும் மனைவியரும், கத்தோலிக்கத் திருச்சபையின் ஆதரவில் இயங்கிய பட்டறைகளில் கூடி, முரட்டுச் சாக்குத்துணியில் பழந்துணித் துண்டுகளை ஒட்டித் தைத்த படங்களுக்கு ஆர்பியேரா என்று பெயர். ஆண்டிஸ் மலைத்தொடர், வெயில், வண்ண வீடுகள் என்று தொலைவிலிருந்து பார்ப்பதற்குக் குழந்தைப் புத்தகம்போல் இருக்கும். கிட்டப் போனால் காவல் வண்டியும், வீட்டு வாசலில் இழுத்துச் செல்லப்படும் பொம்மை உருவும், 'எங்கே அவர்கள்?' என்று நூலால் எழுதிய வினாவும் தெரியும். சிலவற்றின் பின்புறம் சிறு பை தைக்கப்பட்டு அதில் செய்தி எழுதிய தாள் செருகப்பட்டிருந்தது. திருச்சபையின் வழியாக வெளிநாடுகளில் விற்ற இப்படங்கள் அப்பெண்களுக்கு அரிசி பருப்புக்கான காசையும் ஈட்டித் தந்தன. இங்கே இழந்தவரை உருவத்திலிருந்து நீக்குவது கலையடக்கம் ஆகாது. கொன்றவர் செய்ததையே மறுபடியும் செய்வதாக ஆகும். எனவே ஆர்பியேராவில் காணாமற்போனவர் கண்டிப்பாக இருந்தாக வேண்டும், சில வேளைகளில் அவரது சட்டைத் துணியாகவே.

எய்ட்ஸ் நினைவுப் போர்வையும் இவ்வகையே. 1985 நவம்பரில் சான் ஃபிரான்சிஸ்கோவில் நடந்த மெழுகுவர்த்தி ஊர்வலத்தில், இறந்தவர் பெயரெழுதிய அட்டைகள் கட்டடச் சுவரை நிறைத்ததைக் கண்ட கிளீவ் ஜோன்ஸின் எண்ணத்தில் அது பிறந்தது. ஒவ்வொரு துண்டும் மூன்றடிக்கு ஆறடி, ஏறத்தாழ ஒரு புதைகுழியின் அளவு. 1987 அக்டோபரில் வாஷிங்டன் மைதானத்தில் 1,920 துண்டுகள் விரிக்கப்பட்டன. இப்போது அவை சுமார் 50,000. இறந்தவரைக் குடும்பமே கைவிட்ட, சவ அடக்கம் செய்வோரும் தொட மறுத்த காலத்தில், பெயரைப் பொதுவிடத்தில் எழுதுவதே எதிர்ப்பு. தையல் வேலை மக்களை அழவைத்துச் சும்மா இருத்திவிடும் என்று போராட்டக்காரர் சிலர் கடிந்தனர். அழுவதையும் போராடுவதையும் எதிரெதிராக நிறுத்துவதே பிழை என்று 1989-இல் கலை விமர்சகர் டக்ளஸ் கிரிம்ப் எழுதிய கட்டுரை இவ்விவாதத்தில் இன்றும் முதன்மையானது.

பெயரிடுதல், நீக்குதல் ஆகிய இரண்டு வழிகளுக்கும் நடுவே செல்பவர் கொலம்பியாவின் தோரிஸ் சால்செதோ (பிறப்பு 1958). வன்முறையில் உறவினரை இழந்தோரிடம் பல ஆண்டுகள் சென்று பேசி, அவர்கள் கூறியவற்றுள் எதையும் நேரடியாகக் காட்டாமல், நாற்காலி, அலமாரி, செருப்பு ஆகிய வீட்டுப் பொருள்களைக்கொண்டே படைப்பவர் அவர். 1990-களில் தொடங்கிய 'அத்ராபிலியாரியோஸ்' என்னும் வரிசையில் சுவரில் குடைந்த மாடங்களுக்குள் காலணிகள் வைக்கப்பட்டு, விலங்கின் சவ்வு அவற்றின்மேல் இழுத்து மூடப்பட்டு, அறுவை மருத்துவர் பயன்படுத்தும் நூலால் சுவரோடு தைக்கப்பட்டிருக்கிறது. உள்ளே இருப்பது காலணி என்று தெரியும், யாருடையது என்று தெரியாது. 2002-இல், பொகோட்டா நீதிமன்ற மாளிகையில் 1985 நவம்பரில் நிகழ்ந்த முற்றுகையின் நினைவாக, அதே நாளில் அதே வேளையில் தொடங்கி 53 மணி நேரம் 280 மர நாற்காலிகளைக் கூரையிலிருந்து மெல்ல மெல்லச் சுவரோரம் இறக்கினார். 2018-இன் 'ஃபிராக்மென்டோஸ்' இவருடைய பணியில் தனியே நிற்பது: அமைதி உடன்படிக்கையின்படி ஃபார்க் கிளர்ச்சியாளர் ஒப்படைத்த 37 டன் ஆயுதங்களை உருக்கித் தரை ஓடுகளாக வார்க்கும் அச்சுகளுக்காக, போரில் பாலியல் வன்முறைக்கு ஆளான பெண்கள் உலோகத் தகடுகளைச் சுத்தியலால் அடித்துச் சொரசொரப்பாக்கினர். அங்கே செல்வோர் அத்தரைமீது நடக்கின்றனர். இந்தப் படைப்பில் கலைஞரின் கை எங்கே முடிகிறது, பாதிக்கப்பட்டவரின் கை எங்கே தொடங்குகிறது என்பதைப் பிரிக்க முடியாது. ஆற்றுப்படுத்தல் என்று ஏதேனும் இருந்தால் அது பார்வையாளருக்கு நிகழ்வதற்கு முன் பட்டறையில் அந்தச் சுத்தியலடியில் நிகழ்ந்திருக்க வேண்டும்.

தமிழ்ச் சூழலில் இந்த ஆய்வுக்குள் முதலில் வர வேண்டியது யாழ்ப்பாணப் பல்கலைக்கழகத்தில் கலை வரலாறு கற்பிக்கும் ஓவியர் தா. சனாதனனின் பணி. முற்றுப்பெறாத தோம்பு என்று பொருள்படும் ஆங்கிலத் தலைப்போடு 2011-இல் வெளியான அவரது நூலில், இலங்கைப் போரால் இடம்பெயர்ந்த தமிழ் பேசும் மக்கள் தாம் விட்டு வந்த வீடுகளை நினைவிலிருந்து வரைந்த 80 தரைப்படங்கள் இருக்கின்றன. தோம்பு என்பது ஒல்லாந்தர் ஆட்சியில் காணி, உரிமையாளர், வரி ஆகியவற்றை எழுதிவைத்த நிலப்பதிவேடு. ஒவ்வொரு வீட்டுக்கும் அதன் உரியவர் கையால் போட்ட படம், அதையே கட்டடக் கலைஞர் அளவுகோல் கொண்டு திருத்திப் போட்ட படம், அந்த நினைவுக்கு எதிர்வினையாக ஓவியர் வண்ணக்கட்டியால் தீட்டிய படம் என மூன்று அடுக்குகள் அடுத்தடுத்து வருகின்றன. முதல் படத்தில் நினைவின் நடுக்கமும் அளவுப் பிழையும் உண்டு. இரண்டாவதில் அவை மறைந்து, வீடு எந்த அலுவலகமும் ஏற்கக்கூடிய ஆவணமாகிறது. மூன்றாவதில் அந்த வீடு உரியவருக்குக்கூட முழுதும் அடையாளம் தெரியாத வேறொன்றாகிறது. வீட்டுக்குள் வாழ்ந்தவரின் உருவம் தரைப்படத்தில் இடம்பெறுவதில்லை என்ற அளவில் இது விலாட்ஸ்லோவின் வழியைச் சேர்ந்தது. இன்ன அறை, இன்ன வாசல் என்று இழப்பைக் குறிப்பாகச் சுட்டி உரிமை கோருகிற அளவில் சிலியின் வழியைச் சேர்ந்தது. 2017 பிப்ரவரி முதல் கிளிநொச்சியிலும் வவுனியாவிலும் தெருவோரக் கொட்டகைகளில், காணாமலாக்கப்பட்ட பிள்ளைகளின் ஒளிப்படத்தை ஏந்தி அமர்ந்த தாய்மாருக்குப் படத்தை நீக்கும் வழி திறந்திருக்கவில்லை. வீட்டை இழந்தவரைப் பற்றிய நூலுக்கு அது திறந்திருந்தது. அலுவலகக் கோப்பின் தோற்றத்திலேயே கட்டப்பட்ட அந்நூல், எந்த அரசு அலுவலகமும் கேட்டு வாங்காத, கேட்டால் அப்படியே ஒப்படைக்கக்கூடிய பதிவேடாக இருக்கிறது.